கராண்டிருவா, ஹங்கரா? முதலில் எதைப் பார்க்கலாம்?

இரண்டுமே சிறைக்குள் நடந்த நிஜ மரணங்களைப் பற்றிய படங்கள். 2003ல் வந்த கராண்டிரு, பிரேசிலின் சாவ் பாவ்லோ நகரில் இருந்த கராண்டிரு சிறையில் 1992 அக்டோபர் 2 அன்று கலகத்தை அடக்க உள்ளே போன போலீஸ் 111 கைதிகளின் உயிரைப் பறித்த கதை. ஹங்கர் 2008ல் வந்தது. வட அயர்லாந்தின் மேஸ் சிறையில் 66 நாள் பட்டினி கிடந்து 1981 மே 5ல் இறந்துபோன பாபி சாண்ட்ஸின் கதை; பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்த ஐரிஷ் போராளி அவர்.

கராண்டிருவில் படுகொலை கடைசியில்தான் வருகிறது. அதுவரை எச்ஐவி தடுப்பு வேலைக்காக வரும் டாக்டரிடம் ஒவ்வொருவரும் தன் கதையைச் சொல்கிறார்கள், சிறைக்குள்ளேயே ஒரு கல்யாணம்கூட நடக்கிறது, பார்க்கப் பார்க்க அவர்கள் நமக்குத் தெரிந்த ஆட்களாகிவிடுகிறார்கள், அப்புறம்தான் துப்பாக்கிச் சத்தம். எனக்கு நெஞ்சு அடைத்துவிட்டது.

ஹங்கரில் பேச்சே குறைவு. ஒரு காவலர் காயம்பட்ட விரல் முட்டிகளைத் தண்ணீரில் நனைக்கிறார். அவ்வளவுதான், அந்தக் கை யாரை அடித்தது என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. நடுவில் மட்டும் பாதிரியாரும் சாண்ட்ஸும் எதிரெதிரே உட்கார்ந்து பேசும் காட்சி, கேமரா அசையாமல் பதினைந்து நிமிடத்துக்கும் மேல் ஒரே ஷாட்டில் ஓடுகிறது. அரசியல் பின்னணி தெரியாதவர்களுக்குக் கொஞ்சம் சிரமம்தான், படம் எதையும் விளக்குவதில்லை.

சரி, என்னைக் கேட்டால் கராண்டிருவை முதலில் பாருங்கள். ஹங்கர் படமாக்கத்தில் ஒரு படி மேல், ஆனால் 111 என்ற எண்ணுக்குள் இருந்த முகங்களைக் காட்டியது கராண்டிருதான்.