கோடாட் விளையாட்டுக்கு கிட்: காரைக்குடியிலிருந்து இரண்டு வருட அனுபவம்

ஒரு செட்டிநாட்டு வீட்டுக்குள்ளேயே நடக்கும் புதிர் விளையாட்டு ஒன்றை நானும் என் பெரியம்மா மகனும் கோடாட் 4 என்ற விளையாட்டு எஞ்சினில் செய்துகொண்டிருக்கிறோம். நிரல் என் பொறுப்பு, காரைக்குடியில். தூண், கதவு, ஆத்தங்குடிக் கல் எல்லாம் பிளெண்டர் என்ற முப்பரிமாண மென்பொருளில் செய்வது அந்தத் தம்பி, தேவகோட்டையில். முதலில் பென் டிரைவில்தான் பரிமாற்றம். 'வளவு_புதுசு', 'வளவு_புதுசு_சரியானது' என்று ஃபோல்டர்கள் பெருகி, எது சரியானது என்று இரண்டு பேருக்குமே தெரியாமல் போன அன்று, கோப்புகளின் ஒவ்வொரு மாற்றத்தையும் பதிந்து வைக்கும் கிட்டுக்கு மாறினோம்.

கமிட் என்றால் என்ன என்று தம்பி கேட்டான். பரணில் கிடந்த ஐயா காலத்து நாள்வழிக் கணக்கு நோட்டைக் காட்டினேன். கமிட் அதில் ஒரு வரி மாதிரி: தேதி, விவரம், யார் பேரில். அடித்துத் திருத்துவது கிடையாது, தப்பென்றால் புது வரி எழுதிச் சரிக்கட்ட வேண்டும். உடனே பிடித்துக்கொண்டான்.

சொதப்பியது நான்தான். '.கோடாட்' ஃபோல்டரையும் சேர்த்துக் கமிட் செய்துவிட்டேன். அது எஞ்சின் தானே உருவாக்கிக்கொள்ளும் தற்காலிகச் சரக்கு. அழித்தால் அடுத்த முறை திறக்கும்போது மறுபடி வந்துவிடும். பிறகு, கிட் கண்டுகொள்ளக் கூடாதவற்றின் பட்டியலான கிட்இக்னோரில் எழுதி வைத்தும் போகவில்லை. ஏற்கெனவே கணக்கில் ஏறியதை 'ஆர்எம் கேஷ்டு' கட்டளை கொடுத்துத்தான் இறக்க முடிந்தது. ஆனால் '.இம்போர்ட்' என்று முடியும் சின்னக் கோப்புகளையும், 4.4-இலிருந்து வரும் '.யுஐடி' கோப்புகளையும் கட்டாயம் சேர்க்க வேண்டும்.

அடுத்து எடை. எங்கள் கோப்புகளை இணையத்தில் வைத்திருந்த கிட்ஹப் 100 எம்பிக்கு மேற்பட்ட கோப்பை வாங்காது. தம்பியின் முகப்புக் கதவு அதைத் தாண்டியது, அவ்வளவு செதுக்கல்! கோப்பை அழித்துக் கமிட் செய்தும் புஷ் (கிட்ஹபுக்கு அனுப்புவது) போகவில்லை, பழைய கமிட்டில் கதவு இன்னும் இருந்ததால். கடைசியில் பெரிய கோப்புகளைத் தனியே வைக்கும் எல்எஃப்எஸ் போட்டு, பழைய கமிட்டுகளையும் அதற்கு மாற்றும் 'மைக்ரேட் இம்போர்ட்' கொடுத்தேன். அது நாள்வழியையே கிழித்துப் புதிதாக எழுதுகிற வேலை. அது மாற்றி எழுதும் கமிட்டுகளின் அடையாள எண்ணும் மாறிவிடும். "புதுசா குளோன் பண்ணிக்கோ" என்று, அதாவது முழுவதையும் புதிதாக இறக்கிக்கொள்ளும்படி, தம்பியிடம் சொல்ல மறந்துவிட்டேன். அவன் வழக்கம்போல் புல் செய்து புது மாற்றங்களை மட்டும் இறக்க, பழைய வரலாறும் புதியதும் கலந்து, கதவு திரும்பவும் உள்ளே வந்து நின்றது. அந்த ஞாயிற்றுக்கிழமை அப்படியே போச்சு.

மறுநாள் போன் வந்தது. "அண்ணே, தூணெல்லாம் காணோம், மூணு வரி எழுத்துதான் இருக்கு." அவன் கணினியில் எல்எஃப்எஸ் நிறுவவில்லை, உண்மையான கோப்புக்குப் பதில் அதன் முகவரிச் சீட்டு மட்டும் வந்திருந்தது. இன்றைக்குத் தொடங்குகிறவர்களுக்கு என் ஒரே யோசனை: முதல் படத்தைச் சேர்க்கும் முன்பே எல்எஃப்எஸ் போட்டுவிடுங்கள்.

இவ்வளவுக்குப் பிறகும், எங்களைக் காப்பாற்றியது எல்எஃப்எஸ் இல்லை என்றுதான் சொல்வேன். முழு வீடும் ஒரே காட்சிக் கோப்பில் (கோடாட்டில் 'சீன்') இருந்தது. அது வெறும் எழுத்துக் கோப்புதான், ஆனால் இரண்டு பேர் ஒரே நாளில் தொட்டால் மெர்ஜில், அதாவது இருவர் மாற்றங்களையும் இணைக்கும்போது, முட்டிக்கொள்ளும். கையால் சரிசெய்தால் ஏதாவது ஒரு முனை (காட்சியிலுள்ள ஒரு பொருள்) அறுந்துபோகும். வாரத்துக்கு இரண்டு சண்டை. நிஜ வீட்டில் எப்படி? வளவு, அதாவது நடு முற்றம், எல்லாருக்கும் பொது, அதைச் சுற்றி ஒவ்வொரு புள்ளிக்கும் (கல்யாணமான குடும்பத்துக்கும்) தனி அறை, தனிச் சாவி. அதேபோல் முகப்பு, வளவு, இரண்டாம் கட்டு, ஒவ்வொரு அறை என்று தனித்தனிக் காட்சியாகப் பிரித்தோம். முதன்மைக் காட்சி அவற்றைக் கொண்டுவந்து வைக்கும், அவ்வளவுதான். அதன் பிறகு மெர்ஜ் சண்டை மாதத்துக்கு ஒன்று வந்தால் அதிகம்.

பிளெண்டர் கோப்பை மெர்ஜ் செய்யவே முடியாது. அதற்கு எல்எஃப்எஸ் பூட்டு. 'லாக்கபிள்' என்று குறித்துவிட்டால், பூட்டி எடுக்காதவருக்கு அது படிக்க மட்டும்தான். நல்ல வசதிதான், ஆனால் போன தைப்பூசத்துக்குத் தம்பி பதினொரு கோப்புகளைப் பூட்டியபடியே பழநிக்கு நடைப்பயணம் கிளம்பிவிட்டான். போனும் அணைந்திருந்தது. 'ஃபோர்ஸ்' போட்டுத் திறந்தேன். திரும்பி வந்தவன் இரண்டு நாள் பேசவில்லை.

இன்னும் தீராதது வட்டு இடம். எல்எஃப்எஸ் ஒவ்வொரு திருத்தத்துக்கும் முழுக் கோப்பையே சேர்த்து வைக்கிறது. முகப்புக் கதவு மட்டும் இதுவரை முப்பது தடவை மாறியிருக்கிறது. பழைய கணினி ஒன்றில், கிட்ஹப் வேலையைச் சொந்தக் கணினியிலேயே செய்யும் கிட்டீ போட்டு எல்லாவற்றையும் இப்போது வீட்டிலேயே வைத்திருக்கிறேன். அடுத்த மாதம் அதற்கு இன்னொரு ஹார்ட் டிஸ்க் வாங்க வேண்டும்; பாதிக் காசு தம்பி தருவதாகச் சொல்லியிருக்கிறான்.