பாந்தியோனா, பெர் லாஷேஸா?

பாரிஸில் கையில் இருப்பது அரைநாள், பிரான்ஸின் பெரிய ஆளுமைகள் உறங்கும் இடத்தைப் பார்க்க வேண்டும், பாந்தியோன் என்ற நினைவு மண்டபத்துக்கா, பெர் லாஷேஸ் என்ற கல்லறைத் தோட்டத்துக்கா, எங்கே போகலாம் என்று குழம்புபவர்களுக்காக இது.

செலவு: பாந்தியோனுக்கு டிக்கெட் உண்டு, பெர் லாஷேஸ் எல்லோருக்கும் இலவசம்.

நடை: பாந்தியோன் ஒரே கட்டடம், நிலவறைக்குப் படியிறங்கினால் போதும், மழையும் தொல்லையில்லை. பெர் லாஷேஸ் 44 ஹெக்டேர், மேடு பள்ளமான கல்பாவிய பாதைகள். பிரிவு எண் குறித்துக்கொள்ளாமல் போனால் நிச்சயம் அலைவீர்கள் (இசையமைப்பாளர் ஷோபன் 11, எழுத்தாளர் புரூஸ்ட் 85, பாடகி எடித் பியாஃப் 97).

யார் யார்: பாந்தியோனில் இடம் கொடுப்பது அரசு. சிந்தனையாளர்கள் வோல்டேர், ரூசோ, அப்புறம் ஒரே அறையில் எழுத்தாளர்கள் ஹியூகோ, சோலா, டூமா. மேரி கியூரியின் உடல் 1995இல்தான் அங்கே வந்தது, சொந்தச் சாதனைக்காக அந்த மரியாதை பெற்ற முதல் பெண் அவர், அவ்வளவு தாமதம் என்பது எனக்கு இன்றும் ஆறவில்லை. 2018இல் சிமோன் வேய் கணவரோடு வந்தார், கருக்கலைப்பைச் சட்டபூர்வமாக்கிய அமைச்சர். பெர் லாஷேஸில் மோலியேர், பால்சாக், டெலக்ருவா, சாரா பெர்னார் என்று கலைஞர்கள் கூட்டம்.

அறிவியலும் அரசியலும் பிடிக்கும் என்றால், குழந்தைகளோடு போகிறீர்கள் என்றால், பாந்தியோன். இயற்பியலாளர் ஃபூக்கோ 1851இல் பூமி சுழல்வதைக் காட்டிய ஊசல் சோதனை நடந்ததும் அங்கேதான். இசை, ஓவியம், நாடகம் என்றால் பெர் லாஷேஸ், நல்ல செருப்போடு.