மிக்சிங், மாஸ்டரிங்கில் லெவல் மீட்டர்கள்: நீண்ட நாள் அனுபவம்

வீட்டு ஸ்டுடியோவில் நான் மிக்ஸ் செய்வது பெரும்பாலும் பக்திப் பாடல்களும் கோயில் கச்சேரிப் பதிவுகளும்தான். எத்தனையோ மீட்டர் பிளக்-இன்களைப் போட்டுப் பார்த்தாயிற்று, இப்போது திரையை விட்டு நகராமல் இருப்பவை வி.யு. (நீடிக்கிற சத்தத்தைக் காட்டும் முள் மீட்டர்), லவுட்னெஸ் (காதுக்கு எவ்வளவு சத்தமாகக் கேட்கும் என்பது), கோரிலேஷன் (இடது, வலது சேனல்கள் எவ்வளவு ஒத்துப்போகின்றன என்பது) என்ற மூன்று மட்டும். மென்பொருளோடு வரும், கண நேர உச்சத்தைக் காட்டுகிற பீக் மீட்டர் எப்படியும் இருக்கும், ஆனால் என்னிடம் அதற்குக் காவல்காரன் வேலை மட்டும்தான். டிஜிட்டல் ஒலியின் உச்ச எல்லையான 0 டெசிபெல்லை முட்டினால் சொல்லும். காதுக்கு எவ்வளவு சத்தம் என்பதை அதனிடம் கேட்டுப் பயனில்லை.

தவிலும் நாதஸ்வரமும் சேர்ந்த பதிவு ஒன்றைத் திறந்து பாருங்கள். தவிலின் பீக் மைனஸ் 4 வரை துள்ளும், நாதஸ்வரம் மைனஸ் 10-ஐத் தாண்டாது, ஆனாலும் கேட்கும்போது நாதஸ்வரம்தான் எல்லாவற்றையும் அமுக்கிக்கொண்டு நிற்கும். தவிலின் ஒவ்வொரு அடியும் கண நேரத்தில் எழுந்து அடங்கிவிடுகிறது, நாதஸ்வரமோ மூச்சு இருக்கும்வரை ஒரே கனத்தில் ஒலிக்கிறது. வி.யு. முள் தன் இடத்துக்கு ஏறவே 300 மில்லி செகண்டு ஆகும் என்பதால் அந்தக் கண நேர அடியை விட்டுவிட்டு நீடிக்கிற சத்தத்தைப் பிடிக்கிறது. 1939-இல் அமெரிக்க வானொலிக்காரர்கள் வகுத்த முறை, இன்றைக்கும் பேலன்ஸ் பார்க்க எனக்கு இதைவிட வசதியானது கிடைக்கவில்லை. மைனஸ் 18-ஐ 0 வி.யு. என்று வைத்துக்கொண்டு ஃபேடர்களை (சத்தத்தைக் கூட்டிக் குறைக்கும் தள்ளுபிடிகளை) நகர்த்துகிறேன், எல்லாம் வந்து சேரும் மாஸ்டரில் உச்சத்துக்குக் கீழே தாராளமாக இடம் மிஞ்சுகிறது. 24 பிட்டில் பதிவு செய்துவிட்டு லெவலை உச்சிவரை ஏற்றவேண்டிய அவசியமே இல்லை.

அப்புறம் லவுட்னெஸ். நான் வைத்திருப்பது யூலீன் என்ற லவுட்னெஸ் மீட்டரின் இலவசப் பதிப்பு, வீட்டு வேலைக்கு அதுவே போதும். இந்த மீட்டர்களுக்கெல்லாம் அடிப்படை சர்வதேசத் தொலைத்தொடர்பு அமைப்பான ஐ.டி.யு.வின் பி.எஸ். 1770 என்ற அளவு முறை. அது அடிஸ்தாயியைக் கொஞ்சம் கழித்துவிட்டு, சுமார் 2 கிலோ ஹெர்ட்ஸுக்கு மேல் 4 டெசிபெல் போல ஏற்றிக் கணக்கிடும், அதனால் நாதஸ்வரத்தின் கூர்மை இங்கே தன் முழு எடையோடு தெரிகிறது. இணையத்தில் எல்லோரும் மைனஸ் 14 எல்.யு.எஃப்.எஸ். (லவுட்னெஸ் அளக்கும் அலகு) என்று ஒரே எண்ணைப் பிடித்துத் தொங்குகிறார்கள், எனக்கு அதில் உடன்பாடு இல்லை. அது ஸ்பாட்டிஃபை ஒலிபரப்பும்போது சமன் செய்கிற அளவு, பாட்டுக்கான இலக்கு அல்ல. உச்சங்களை நசுக்கி மைனஸ் 8 வரை சத்தத்தை ஏற்றிக் கொடுத்தால் 6 டெசிபெல் இறக்கிவிடுவார்கள், நசுங்கிய தவில் நசுங்கியதாகவேதான் இருக்கும்.

பாட்டின் மொத்தச் சராசரியை விட, கடைசி 3 செகண்டின் சராசரியைக் காட்டும் ஷார்ட்-டெர்ம் கோட்டைத்தான் நான் அதிகம் பார்க்கிறேன். மொத்தக் கணக்கில், சராசரியை விட 10 அலகுக்கு மேல் தாழ்ந்த பகுதிகள் சேராது. மெல்லிய ஆலாபனை நீளமாக ஓடி, பிறகு தவில் இறங்குகிற உருப்படியில் ஆலாபனை கணக்கிலிருந்தே விழுந்துவிடலாம், எண் அழகாக வரும், கேட்பவர் தொடக்கத்தில் சத்தத்தைக் கூட்டி வைத்துவிட்டு நடுவில் பதறிக் குறைப்பார். ஷார்ட்-டெர்ம் கோடு அந்த மேடு பள்ளத்தைக் கண்ணெதிரே காட்டிவிடும், அங்கே ஃபேடரைக் கையாலேயே ஓட்டிச் சரிசெய்கிறேன்.

உச்சம் எல்லை தாண்டாமல் தடுக்கிற லிமிட்டரின் உச்சவரம்பு எப்போதும் மைனஸ் 1 ட்ரூ பீக் (அலையின் உண்மையான உச்சம்). இரண்டு சாம்பிளுக்கு (ஒலியை எண்ணாகக் குறித்த புள்ளிகளுக்கு) நடுவே அலை 0-வைத் தாண்டுவதைச் சாதாரண பீக் மீட்டர் பார்க்காது, எம்.பி.3 ஆக்கும்போது உச்சம் இன்னும் கொஞ்சம் ஏறவும் செய்யும்.

கோரிலேஷன் மீட்டரைப் பலர் திறப்பதே இல்லை. கோயில் கூம்பு ஸ்பீக்கர் மோனோதான், இடதும் வலதும் ஒன்றாகக் கலந்தே வரும்; முள் பூஜ்யத்துக்குக் கீழேயே நின்றால் இரண்டும் ஒன்றையொன்று அழித்துக்கொள்ளும், அகலப்படுத்திய கோரஸ் அங்கே பாதி காணாமல் போகும். திருவிழாவுக்குப் போகிற பாட்டென்றால் இதை முதலில் பாருங்கள், பார்த்துவிட்டு மோனோ பட்டனை அழுத்தி ஒருமுறை முழுதாகக் கேளுங்கள்.