கொப்பியா, கருவியா, கொக்கானா? மூன்று வகை முன்பள்ளிகள் பற்றிய ஓர் அலசல்

மகளுக்கு மூன்று வயது நிறைந்ததும் மட்டக்களப்பு நகரிலும் கல்லடியிலும் நான்கைந்து முன்பள்ளிகளின் படியேறி இறங்கினோம். பெயர்ப்பலகையில் பாலர் பாடசாலை, நேசரி, மொண்டிசோரி என்று எது எழுதியிருந்தாலும் உள்ளே நடப்பது மூன்று வகைக்குள் அடங்கிவிடுகிறது என்பது அப்போதுதான் விளங்கியது. முதல் வகையில் பிள்ளை கொப்பியில் எழுதுகிறது. இரண்டாம் வகையில் மரக் கருவிகளை எடுத்து அடுக்குகிறது. மூன்றாம் வகையில் மணலோடும் சிரட்டையோடும் விளையாடுகிறது. சிறு பிள்ளை எப்படிக் கற்கிறது என்பதைப் பற்றி ஒவ்வொன்றும் ஒரு முடிவை வைத்துக்கொண்டுதான் நடக்கிறது. அந்த முடிவைப் பார்க்காமல் கட்டணத்தையும் சீருடையையும் ஒப்பிடுவதில் பயனில்லை.

எங்கள் பக்கம் கொப்பி வகைக்கே மவுசு அதிகம். தரம் 5 புலமைப்பரிசில் பரீட்சையின் பயம் இங்கே மூன்று வயதிலேயே தொடங்கிவிடுகிறது. எழுதி நிரப்பிய பக்கமோ பெற்றோரின் கண்ணுக்குத் தெரிகிற ஒரே சான்று. ஆனால் கை வளர்வதற்கென்று ஓர் ஒழுங்கு உண்டு. பொதுவாக மூன்று வயதளவில் பிள்ளை வட்டத்தைப் பார்த்து வரையும். நான்கில் சிலுவைக் குறியை வரையும். சதுரம் அதற்குப் பிறகு வரும். முக்கோணம் ஐந்தை அண்டித்தான் வரும். ‘அ’ எழுத வளைவும் நேர்கோடும் ஒரே கையோட்டத்தில் சேர வேண்டும். அதை மூன்றரை வயதுப் பிள்ளையிடம் ஒரு பக்கம் நிறையக் கேட்பது எழுத்தைக் கற்பிப்பதாகாது, பென்சிலை வெறுக்கக் கற்பிப்பதாகும். விஜயதசமியன்று ஏடு தொடக்கும்போது பெரியவர் பிள்ளையின் விரலைப் பிடித்து அரிசியில் எழுத வைக்கிறார். மறுநாள் அதையே இருபது தரம் எழுதி வா என்று அவர் கேட்பதில்லை. தரம் ஒன்றுக்கு ஆயத்தம் என்ற வாதமும் நிலைக்காது. 1990களின் இறுதியில் வந்த கல்விச் சீர்திருத்தம் தரம் 1, 2 ஆகியவற்றை முதன்மை நிலை ஒன்றாக வகுத்து, வழிப்படுத்தப்பட்ட விளையாட்டையே அங்கு பிரதான முறையாக்கி, மேசை வேலையைக் குறைத்தது. பாடசாலையே குறைக்கச் சொன்ன மேசை வேலையை நேசரி கூட்டிக்கொண்டிருக்கிறது.

இவ்வகைக்கும் ஒரு நியாயம் உண்டு. தமிழின் 247 எழுத்துகளில் 216 உயிர்மெய்கள் பன்னிரண்டு உயிரும் பதினெட்டு மெய்யும் கூடிப் பிறப்பவை என்பதை எந்தப் பிள்ளையும் மணலில் விளையாடித் தானாகக் கண்டுபிடிக்காது. யாராவது சொல்லித்தான் ஆக வேண்டும். எப்போது, எவ்வளவு என்பதுதான் கேள்வி. 1967இல் அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில் இப்சிலாண்டி என்ற ஊரில் தொடங்கிய ஓர் ஆய்வு, வறிய குடும்பங்களின் 68 பிள்ளைகளைத் தான் வகுத்துக்கொண்ட மூன்று வகை முன்பள்ளிகளில் சேர்த்துப் பல ஆண்டுகள் பின்தொடர்ந்தது. நுண்ணறிவுப் புள்ளிகள் மூன்று வகையிலும் ஏறின. வேறுபாடு பின்னால் வந்தது: நேரடியாகப் பாடம் புகட்டப்பட்டவர்களே இருபத்து மூன்று வயதில் சட்டச் சிக்கல்களிலும் மனச் சிக்கல்களிலும் கூடுதலாக அகப்பட்டிருந்தார்கள். எண்ணிக்கை சிறிது என்பதாலும், ஆய்வு செய்தவர்களே அம்மூன்று முறைகளில் ஒன்றை வடிவமைத்தவர்கள் என்பதாலும் நான் இதற்குப் பாதி நிறைதான் கொடுப்பேன்.

இரண்டாம் வகைக்கு வருவோம். இத்தாலிய மருத்துவரான மரியா மொண்டிசோரி 1907இல் ரோம் நகரின் சான் லொரென்ஸோ என்ற ஏழைக் குடியிருப்பில் தமது முதற் குழந்தைகள் இல்லத்தைத் திறந்தார். 1939இல் சென்னைக்கும் 1944இல் இலங்கைக்கும் வந்தார். அவரது பெயர் இந்நாட்டில் முன்பள்ளிக்கே பொதுப்பெயராகிவிட்டது. ஆகவே பெயர்ப்பலகையை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது. அசல் முறையில் மூன்று முதல் ஆறு வயது வரையானவர்கள் ஒரே அறையில் இருப்பார்கள். பிள்ளை தானே தெரிவு செய்த கருவியோடு நெடுநேரம் குழப்பமின்றி இருக்கும். பிழை விட்டால் ஆசிரியை அல்ல, கருவியே காட்டிக்கொடுக்கும். அமெரிக்காவின் ஹார்ட்ஃபோர்ட் நகரில் இவ்வகைப் பள்ளிகளுக்குக் குலுக்கலில் இடம் கிடைத்தவர்களையும் கிடைக்காதவர்களையும் ஒப்பிட்டு 2017இல் வெளியான ஆய்வு, கிடைத்தவர்கள் கல்வியில் முன்னேறியதையும், ஏழை வீட்டுப் பிள்ளைகளுக்கும் வசதியுள்ள வீட்டுப் பிள்ளைகளுக்கும் இடையிலான தூரம் குறைந்ததையும் காட்டியது. குலுக்கல் என்பதால் இதற்கு நான் கூடுதல் நிறை கொடுப்பேன். ஆனால் நாங்கள் பார்த்த ஓரிடத்தில் கருவிகள் பூட்டிய கண்ணாடி அலுமாரிக்குள் இருந்தன. வருபவர்களுக்குக் காட்டுவதற்கு மட்டும் திறப்பார்களாம். பிள்ளைகள் கீழே அமர்ந்து கொப்பியில் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

மூன்றாம் வகையைப் புரிந்துகொள்ள 1896ஆம் ஆண்டிலேயே பிறந்த இரு உளவியலாளர்களிடம் போக வேண்டும். சுவிட்சர்லாந்தின் பியாஜே பிள்ளையைத் தனியாக உலகைச் சோதித்துப் பார்க்கும் சிறு விஞ்ஞானியாகக் கண்டார். சோவியத் நாட்டின் வைகொட்ஸ்கி, பிறரோடு பேசியும் சேர்ந்து செய்தும் வளரும் உயிராகக் கண்டார். கல்லடிக் கடற்கரையில் ஒரு சிறுவன் மணல்வீடு கட்டிக்கொண்டே “இனி இத இங்க வெப்பன்… ஐயோ விழப்போகுது…” என்று தனக்குத்தானே பேசுவதைக் கவனியுங்கள். அது பிறர் நோக்கில் பார்க்கத் தெரியாத பருவத்தின் பேச்சு, வளர வளர மறையும் என்றார் பியாஜே. வைகொட்ஸ்கி வேலையில் வேண்டுமென்றே ஓர் இடைஞ்சலை வைத்துப் பார்த்தார். அப்பேச்சு ஏறக்குறைய இரட்டிப்பானது. பிள்ளை பேசிப் பேசியே சிந்திக்கிறது, பிறகு அந்தப் பேச்சு உள்ளே போய்ச் சிந்தனையாகிறது என்பது அவர் கண்ட முடிவு. எனக்கு இவர் பக்கமே சரியாகப் படுகிறது. வாயில் விரல் வைத்து இருபது பிள்ளைகளை இருத்தும் வகுப்பு எதைத் தடுக்கிறது என்பதும் இதிலிருந்து தெரிகிறது.

‘நாலு’ என்ற எண்ணை எடுத்துக்கொள்வோம். கொப்பி வகையில் பிள்ளை 4 என்ற உருவத்தை வரிசையாக எழுதும். அது எத்தனை என்று தெரியாமலே எழுதலாம். மொண்டிசோரி முறையில் நான்கு மரக்குச்சிகளை எண்ணி, 4 என்று எழுதிய அறைக்குள் வைக்கும்; உருவமும் அளவும் சேரும். விளையாட்டிலோ, பெரிய பிள்ளைகள் கொக்கான் (ஐந்து கல் ஆட்டம்) வெட்டும்போது, ஐந்தில் ஒரு கல்லை மேலே எறிந்துவிட்டு நிலத்திலுள்ள நாலையும் முதலில் ஒவ்வொன்றாகவும், அடுத்து இரண்டிரண்டாகவும், பிறகு மூன்றும் ஒன்றுமாகவும், ஈற்றில் ஒரே அள்ளாகவும் எடுக்கிறார்கள். நாலு பிரிகிறது, கூடுகிறது. பக்கத்தில் குந்தியிருந்து எண்ணும் நாலு வயதுக்காரிக்குக் கல்லைப் பிடிக்க வராது. ஆனால் “மூண்டெடுத்தா ஒண்டு மிஞ்சும்” என்று அவள் முன்கூட்டியே சொல்லத் தொடங்கிவிடுகிறாள்.

ஆனால் விளையாட்டு முன்பள்ளி என்று சொல்லிக்கொண்டு மணலில் இறக்கிவிட்டு, ஆசிரியை தொலைபேசியோடு ஒதுங்கிக்கொள்வதும் நடக்கிறது. பேச்சுக் கொடுக்க ஆளில்லாத விளையாட்டில் வைகொட்ஸ்கி சொன்ன பாதி இல்லை. ஊதியம் மிகக் குறைந்த ஆசிரியையிடம் இதை எதிர்பார்ப்பதும் எளிதல்ல.

நாங்கள் மகளை மூன்றாம் வகையில்தான் சேர்த்தோம். ஆசிரியை முழங்காலிட்டுப் பிள்ளையின் கண்மட்டத்துக்கு இறங்கி, “ஏன் விழுந்தது மகள்?” என்று கேட்டுவிட்டு விடைக்காகக் காத்திருந்ததைக் கண்டதே காரணம். எங்களுக்கு அது போதுமாக இருந்ததற்கு இன்னொரு காரணமும் உண்டு: திருமணத்தின் பின் மகள் தாய்வீட்டை அண்டியே குடியிருக்கும் மட்டக்களப்பு வழமையால் எங்கள் வீட்டில் அம்மம்மா இருக்கிறார், பயற்றங்காய் முறிக்கும்போதும் கோழிக்குத் தீன் போடும்போதும் ஓயாமல் பேசுகிறார். மட்டக்களப்பு வாவிக்கு மேற்கேயுள்ள படுவான்கரையில் தாய் மத்திய கிழக்கில் வேலைக்குப் போக, தகப்பன் விடியலில் வயலுக்குப் போக, பேச ஆளின்றி வளரும் பிள்ளைக்கு இதே தெரிவை நான் கண்ணை மூடிக்கொண்டு சொல்லமாட்டேன். அந்தப் பிள்ளைக்கு, மேற்பார்வையற்ற மணலை விட, ஒழுங்காக நடக்கும் ஒரு மொண்டிசோரி அறையோ, கொப்பியோடு கதையும் சொல்லித் தரும் ஓர் ஆசிரியையோ மேல்.