வீட்டார் பார்ப்பதா, ஆள் வைப்பதா? எந்த வேலை யார் கையில் நன்றாக நடக்கும்

பக்கவாதம் வந்து படுத்தவரையோ, மறதிநோய் முற்றியவரையோ வீட்டில் வைத்துப் பார்க்கத் தொடங்கிய சில வாரங்களிலேயே அந்தப் பேச்சு வந்துவிடும். "நாமே பார்த்துக்கொள்வோம்" என்பார் ஒருவர். "ஆள் வைத்துவிடலாம்" என்பார் இன்னொருவர். அது அப்படியே வளர்ந்து, யாருக்குப் பாசம் அதிகம் என்ற சண்டையில் போய் நிற்கும். படுத்திருப்பவருக்கு அந்தச் சண்டையால் ஒரு பயனும் இல்லை. வேலைகளைத் தனித்தனியாக எடுத்துப் பார்த்தால் விடை தெளிவாகவே கிடைக்கிறது.

உடம்பைக் கையாளும் வேலைகளில் பயிற்சி பெற்ற ஆள்தான் மேல். தானாகப் புரள முடியாதவரை ஏறக்குறைய 2 மணி நேரத்துக்கு ஒருமுறை பக்கம் மாற்றிப் படுக்க வைக்க வேண்டும். தவறினால் இடுப்பிலும் குதிகாலிலும் படுக்கைப் புண் வரும், ஆழமாகிவிட்டால் ஆற மாதக்கணக்கில் ஆகும். கட்டிலிலிருந்து வீல்சேருக்கு மாற்றும்போது சேரை அவருடைய பலமுள்ள பக்கத்தில் போட்டு, பிரேக்கைப் பூட்டிவிட்டு, முதுகை வளைக்காமல் முழங்காலை மடக்கித் தூக்க வேண்டும். விழுங்கச் சிரமப்படுபவருக்குப் படுத்தவாக்கில் ஊட்டினால் உணவு நுரையீரலுக்குள் போய் நிமோனியா வரலாம். பாசம் இருப்பதால் மட்டும் இவை கைவந்துவிடாது. மகன் கையால் குளிக்கக் கூசும் தாய், வெளியாள் குளிப்பாட்டும்போது இயல்பாக இருப்பதும் உண்டு.

ஆனால் 'பயிற்சி பெற்றவர்' என்று ஏஜென்சி சொல்வதை அப்படியே நம்ப வேண்டாம். முதல் நாளே, "இவரைப் பக்கம் மாற்றிக் காட்டுங்கள்" என்று கேட்டுப் பாருங்கள். ஐந்து நிமிடத்தில் தெரிந்துவிடும்.

வீட்டாரை யாரும் மிஞ்ச முடியாத இடம், அந்த மனிதரைத் தெரிந்து வைத்திருப்பது. வாய்விட்டுச் சொல்ல முடியாதவர் முகம் சுளித்தால் அது வலியா கோபமா என்று மனைவிக்குத் தெரியும். வயதானவர் திடீரென்று குழம்பிப் பேசினாலோ, அளவுக்கு மீறித் தூங்கினாலோ, பின்னால் தொற்றோ புதிய மாத்திரையோ இருக்கக்கூடும். "நேற்று இப்படி இல்லையே" என்று சொல்ல நேற்றைய ஆளைத் தெரிந்தவர் வேண்டும். போன வாரம் வேலைக்கு வந்தவர், இவர் எப்போதும் இப்படித்தான் என்று நினைத்துக்கொள்வார். அது அவர் குற்றமல்ல. அறுவை சிகிச்சை வேண்டுமா, குழாய் வழி உணவு கொடுக்கலாமா போன்ற முடிவுகளையும் சம்பளத்துக்கு வந்தவர் தலையில் போட முடியாது.

அப்புறம் செலவு. வீட்டார் பார்த்தால் செலவில்லை என்ற கணக்கை நான் ஏற்கவே மாட்டேன். விட்ட வேலை, போன பதவி உயர்வு, சேராத ஓய்வூதியம் எல்லாம் ஒருவர் தலையில் விழுகின்றன. பெரும்பாலும் மகள், மருமகள், மனைவி. வீட்டுவேலை, குழந்தை வளர்ப்பு உட்பட உலகில் ஒரு நாளில் 1,640 கோடி மணி நேரம் சம்பளமில்லாப் பராமரிப்பில் போகிறது என்றும், அதில் முக்கால் பங்கைப் பெண்களே சுமக்கிறார்கள் என்றும் சர்வதேசத் தொழிலாளர் அமைப்பு 2018-இல் கணக்கிட்டது. உடல்நலமும் போகிறது. துணையைப் பராமரித்து, அதன் அழுத்தத்தையும் உணர்ந்த முதியவர்கள் 4 ஆண்டுகளுக்குள் இறக்கும் அபாயம், அப்படிப் பராமரிக்காதவர்களைவிட 63 சதவீதம் கூடுதல் என்று 1999-இல் வெளியான ஓர் அமெரிக்க ஆய்வு காட்டியது.

சம்பளத்துக்கு வருபவருக்கு ஷிப்டும் லீவும் உண்டு. அதாவது, இருக்க வேண்டும். வீட்டுத் தொழிலாளருக்கு வாரத்தில் தொடர்ந்து 24 மணி நேரமாவது ஓய்வு வேண்டும் என்கிறது 2011-இன் சர்வதேச உடன்படிக்கை. வீட்டோடு தங்கி இரவு பகலாகப் பார்ப்பவர்களில் எத்தனையோ பேருக்கு அது எட்டாத ஒன்று. களைத்துப்போனவர் சம்பளக்காரர் என்றாலும் மகள் என்றாலும் இரவில் பக்கம் மாற்றத் தவறத்தான் செய்வார்.

அரசுகளே இதில் இரண்டுபட்டு நிற்கின்றன. 1995-இல் பராமரிப்புக் காப்பீடு (பிறர் உதவியின்றி வாழ முடியாதவரைப் பார்த்துக்கொள்வதற்கான காப்பீடு) கொண்டுவந்த ஜெர்மனி, சேவையாகவோ பணமாகவோ வாங்கிக்கொள்ளலாம் என்றது. பணத்தை வாங்கி வீட்டாரே பார்க்கலாம். ஆனால் அந்தத் தொகை சேவையின் மதிப்பைவிடக் குறைவு. 2000-இல் இப்படியொரு காப்பீட்டைத் தொடங்கிய ஜப்பான் சேவையை மட்டும் தந்தது. பணம் கொடுத்தால் மருமகள்கள் மறுபடி கட்டில் பக்கத்திலேயே கட்டுண்டு போவார்கள் என்ற எதிர்ப்பு அங்கே பலமாக எழுந்தது. அந்தப் பயம் நியாயம் என்றுதான் நினைக்கிறேன்.

சரி, கையில் இருப்பது சில மணி நேரத்துக்கான பணம்தான் என்றால்? இரவுக்கும் குளியலுக்கும் ஆள் வையுங்கள். மாத்திரைப் பெட்டி, டாக்டரிடம் பேசுவது, கூட உட்கார்ந்து கதைப்பது ஆகியவை வீட்டாரிடமே இருக்கட்டும். சாப்பாடு, சிறுநீர், மலம், தூக்கம், புதிய மருந்து என்று இருவரும் ஒரே நோட்டில் எழுதுங்கள். தூரத்தில் இருந்து போனில் விசாரிக்கும் உடன்பிறப்பு, சம்பளத்தில் பங்கு தரட்டும், அல்லது வருடத்தில் சில வாரங்கள் வந்து பொறுப்பேற்கட்டும். வேலைக்கு வருபவரின் ஓய்வுநாளைக் காலண்டரில் குறிக்கும்போது, வீட்டில் பார்ப்பவருடைய ஓய்வுநாளையும் சேர்த்தே குறித்துவிடுங்கள்.