சிக்னலின் 60 இலக்கங்கள்

துபாயில் இருக்கும் தம்பி போன் மாற்றினான். சிக்னல் என்ற செய்திச் செயலியில், எங்கள் அரட்டைக்கு நடுவே ஒரு வரி வந்தது: பாதுகாப்பு எண் மாறிவிட்டது. செயலியைப் புதிதாக நிறுவினால் செய்திகளைப் பூட்டும் சாவி மாறும், அதிலிருந்து உருவாகும் இந்த எண்ணும் மாறும், சகஜம்தான். ஆனால் அடுத்த செய்தியிலேயே பணம் கேட்டிருந்தான், சும்மா விடலாமா? அவன் பெயரைத் தொட்டு, இருவர் போனிலும் ஒன்றாக இருக்க வேண்டிய அந்த எண்ணைத் திறந்தேன். ஐந்தைந்தாக 12 தொகுதி. லேப்டாப்பில் வீடியோ கால் போட்டு அவன் வாசிக்க, நான் போனில் விரல் வைத்துக்கொண்டே வந்தேன். ஏழாவது தொகுதியில் அம்மா எட்டிப்பார்த்து "சாப்பிட்டியாடா?" என்றார், மறுபடி முதலிலிருந்து! நேரில் இருந்தால் க்யூஆர் கோடு ஸ்கேன் போதும். எஸ்எம்எஸ்ஸில் இப்படிச் சரிபார்க்க வழியே இல்லை. இலவசச் செயலிக்கு இது பெரிய விஷயம். எல்லாம் பொருந்தியது. அப்புறம்தான் பணம் அனுப்பினேன்.