குத்திப் பார்க்கும் டிஜிட்டல் தெர்மாமீட்டர்: எந்தக் கிருமிக்கு உதவும், எதற்கு உதவாது?

சமையலுக்கென்று விற்கும் தெர்மாமீட்டரில் முதலில் பார்க்க வேண்டியது முனை. மெல்லிய முனையிலேயே சென்சார் உள்ள டிஜிட்டல் ரகம் சில நொடிகளில் அளவைக் காட்டிவிடும். முள் நகரும் வட்ட ரகத்தை ஐந்தாறு சென்டிமீட்டர் உள்ளே செருக வேண்டும். கோழித் துண்டுக்கு அது ஆகாது. இன்ஃப்ராரெட் ரகம் மேற்பரப்பை மட்டும்தான் அளக்கும்.

கோழிக்கு இது அருமையான துணை. எலும்பில் படாமல் சதை கனத்த இடத்தில் குத்தி 74 டிகிரி செல்சியஸ் வந்துவிட்டால் சால்மொனெல்லா, கேம்பிலோபாக்டர் என்ற கிருமிகள் இரண்டும் செத்துவிடும். இவை உயிரோடு குடலுக்குள் போய்த்தான் நோயைத் தருகின்றன. அதனால்தான் காய்ச்சலும் பேதியும் பெரும்பாலும் மறுநாளோ சில நாள் கழித்தோ வருகின்றன.

ஆனால் இதற்குக் கொடுத்த காசுக்கு உண்மையான பலன் அடுப்பை அணைத்த பிறகுதான். அண்டா மட்டன் குழம்பு தளதளவென்று கொதித்தாலும் கிளாஸ்ட்ரிடியம் பெர்ஃப்ரிஞ்ஜென்ஸ் என்ற கிருமியின் வித்துகள் (சூட்டைத் தாங்கி உறங்கும் வடிவம்) சாவதில்லை. மெல்ல ஆறும் குழம்பின் நடுப்பகுதி 43–47 டிகிரியில் நிற்கும்போது அவை முளைத்து, கிருமி அசுர வேகத்தில் பெருகும். சாப்பிட்டு 6 முதல் 24 மணி நேரத்தில் வயிறு முறுக்கிப் பேதியாகும். வாந்தியும் காய்ச்சலும் அபூர்வம். பரிமாறும்வரை 60 டிகிரிக்கு மேலேயே வைத்திருங்கள். மிச்சமானால் அகலத் தட்டுகளில் இரண்டு அங்குல ஆழத்துக்கு மிகாமல் ஊற்றி, 57லிருந்து 21 டிகிரிக்கு 2 மணி நேரத்திலும், பிறகு 5 டிகிரிக்கு 4 மணி நேரத்திலும் இறக்க வேண்டும். கைச்சூட்டை வைத்து இதைக் கணிக்கவே முடியாது.

இந்தக் கருவியை நம்பி ஏமாறக்கூடிய இடமும் உண்டு. வெளியே கிடந்த சோற்றில் பேசில்லஸ் சீரியஸும், சமைப்பவரின் கைப்புண்ணிலிருந்து வந்த ஸ்டாஃபிலோகாக்கஸும் உணவிலேயே நஞ்சைச் சுரந்துவிடும். மறுபடி சூடாக்கினால் கிருமி சாகும், நஞ்சு அழியாது. திரையில் 80 டிகிரி காட்டும். ஆனாலும் சாப்பிட்ட அரை மணி முதல் ஆறு மணி நேரத்துக்குள் குமட்டி வாந்தி வரும். அந்தச் சோற்றைக் கொட்டிவிடுவதுதான் வழி. தமிழ்நாட்டில் 2025 ஏப்ரலில் ஓராண்டுக்குத் தடை செய்யப்பட்ட பச்சை முட்டை மயோனைஸிலும் தெர்மாமீட்டருக்கு வேலையில்லை, அதைச் சூடாக்குவதே இல்லையே.

கருவி சரியாகக் காட்டுகிறதா என்று பார்க்க, நொறுக்கிய ஐஸில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் கலக்கி முனையை நடுவில் பிடித்தால் 0 காட்ட வேண்டும். கொதிநீரில் சோதிப்பது ஊட்டியில் சரிவராது, அந்த உயரத்தில் தண்ணீர் சுமார் 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். பச்சைக் கோழியில் குத்திய முனையைச் சோப்பு வெந்நீரில் கழுவாமல் வெந்த கறியில் குத்தினால் கிருமியை நாமே கொண்டுபோய் வைத்ததாகும். அதனால் தண்ணீர் பட்டால் கெடாத, அளவு திருத்தும் பட்டன் உள்ள ரகத்தையே வாங்குங்கள்.